மாறுதல் ஆணையும் தடையாணையும்: கேரள அரசுக் கல்லூரி ஆசிரியர் வழக்குகள்

அரசுக் கல்லூரி ஆசிரியரின் மாறுதல் ஆணை பெரும்பாலும் ஒரே வரிதான். வரிசை எண், பெயர், பாடம், இப்போதைய கல்லூரி, போக வேண்டிய கல்லூரி, கடைசிக் கட்டத்தில் ‘குறிப்பு’. வழக்கறிஞரின் கண் முதலில் போவது அந்தக் கடைசிக் கட்டத்துக்கு. ‘சொந்த வேண்டுகோளின் பேரில்’ என்று அதில் இருந்தால் பயணப்படி கிடையாது, சேர்வதற்கான அவகாசமும் கிடையாது. வழக்குப் போடவும் முகாந்திரம் குறைவு, கேட்டதைத்தானே கொடுத்திருக்கிறார்கள். ‘நிர்வாக நலன் கருதி’ என்று இருந்தால் கதை வேறு. யாருடைய நலன், எந்த நிர்வாகம், அந்த நலன் ஏன் இந்த ஒருவரை மட்டும் தேடி வந்தது என்ற கேள்விகள் அப்போது எழும். அவற்றை எங்கே, எவ்வளவு சீக்கிரம் எழுப்புகிறார் என்பதைப் பொறுத்தே அந்த ஆசிரியரின் அடுத்த மூன்றாண்டு அமையும்.

கேரளத்தில் இக்கேள்விகள் கொச்சியில் வந்து குவிகின்றன. அந்நகரின் கலூரிலிருந்து பானர்ஜி சாலையில் நேராகப் போனால் உயர் நீதிமன்றச் சந்திப்பு. கலூரில் மெட்ரோ ஏறினால் மூன்றாவது நிலையம் மகாராஜாஸ் கல்லூரி. 1875இல் கல்லூரியாக உயர்ந்த அந்நிறுவனம் 2014இல் தன்னாட்சி பெற்றது. ஆனால் அங்கே பாடம் எடுப்பவர்கள் மாநில அரசின் பொதுப் பட்டியலில் இருப்பவர்கள்தாம். இன்று மகாராஜாஸ், நாளை மஞ்சேஸ்வரம், அதற்கு அடுத்து மானந்தவாடியோ கட்டப்பனையோ. ஆசிரியர்கள் மிகவும் விரும்பும் பணியிடமும், அதற்காக மோதிக்கொள்ளும் மன்றங்களும் ஒரே நகரத்தில் அமைந்துவிட்டன. ஏப்ரலில் பொது மாறுதல் பேச்சு எழுந்ததும் வடக்கு மாவட்டங்களிலிருந்து வரும் பேருந்துகளில் கோப்புறையோடு ஆசிரியர்கள் கலூர் நிலையத்தில் இறங்குவதற்குக் காரணம் இதுதான்.

இவர்கள் எல்லோரும் ஒரே மன்றத்துக்குப் போக முடியாது என்பது முதல் சிக்கல். அரசுக் கல்லூரி ஆசிரியர் மாநில அரசுப் பணியாளர். அவருக்கு வழி கேரள நிர்வாகத் தீர்ப்பாயம். அரசியலமைப்பின் 323ஏ பிரிவும் 1985ஆம் ஆண்டின் நிர்வாகத் தீர்ப்பாயச் சட்டமும் கொடுத்த அதிகாரத்தில் 2010இல் அமைந்த மன்றம் அது. திருவனந்தபுரத்தில் முதன்மை அமர்வு, கொச்சியின் எர்ணாகுளத்தில் ஓர் அமர்வு. அங்கே தோற்றால் உயர் நீதிமன்றத்தின் இரு நீதிபதி அமர்வுக்குப் போகலாம். தீர்ப்பாயங்களுக்கு மேல் உயர் நீதிமன்றத்தின் மறுஆய்வை நீக்க முடியாது என்று 1997இல் சந்திரகுமார் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொன்ன பிறகு திறந்த வழி இது. கேரள உயர் நீதிமன்றப் பதிவேட்டில் இவ்வகை மனுக்கள் ‘ஓ.பி. (கே.ஏ.டி.)’ என்று தனியே எண்ணிடப்படுகின்றன.

அரசு உதவி பெறும் தனியார் கல்லூரி ஆசிரியருக்குச் சம்பளம் அரசுக் கருவூலத்திலிருந்து வருகிறது, முதலாளி நிர்வாகக் குழு. ஒரே நிர்வாகம் பல கல்லூரிகளை நடத்தினால் அவற்றுக்குள் மாறுதல் உண்டு. அதை எதிர்க்க அவர் பல்கலைக்கழகச் சட்டம் காட்டும் மேல்முறையீட்டுத் தீர்ப்பாயத்தையோ உயர் நீதிமன்றத்தையோ நாட வேண்டும். இந்த இரண்டுக்கும் நடுவில் ஒரு வகை இருக்கிறது. கலூரில் மாதிரித் தொழில்நுட்ப மேல்நிலைப் பள்ளி நடத்தும் ஐ.எச்.ஆர்.டி. நிறுவனம், 1987இல் அரசே தொடங்கிப் பதிவு செய்த சங்கம். பொறியியல் கல்லூரிகளும் பயன்முறை அறிவியல் கல்லூரிகளும் அதன் கீழ் மாநிலம் முழுக்க இருக்கின்றன. அதன் ஆசிரியர்கள் ஊரறிய ‘அரசு’ ஆசிரியர்கள், சட்டத்தின் கண்ணில் அரசு ஊழியர் அல்லர். அவர்கள் நேரே உயர் நீதிமன்றத்தில் ரிட் மனு போடுகிறார்கள். மன்றம் தவறி நுழைந்தால் மனு திரும்பும். அதற்குள் விடுவிப்பு ஆணை வந்திருக்கும்.

தமிழ்நாட்டில் இந்தக் குழப்பம் குறைவு. அங்கே 1988இல் தொடங்கிய நிர்வாகத் தீர்ப்பாயம் 2006இல் கலைக்கப்பட்டது. அன்று முதல் அரசு ஊழியர் எவரானாலும் சென்னையிலோ மதுரைக் கிளையிலோ உயர் நீதிமன்றத்தின் படியேற வேண்டியதுதான். எது மேல் என்று கேட்டால், ஒரு படி கூடுதலாக இருக்கும் கேரளமே ஊழியருக்குச் சற்று நல்லது என்பேன். பணி விவகாரம் மட்டுமே கேட்கும் மன்றத்துக்கு மாறுதல் பட்டியலின் நுணுக்கம் தெரியும். எல்லா வழக்கும் கேட்கும் நீதிபதிக்கு அது நாற்பதாவது மனு.

எந்த மன்றமானாலும் முதல் பத்தியில் எழுதுவது ஒன்றுதான்: மாறுதல் என்பது பணியோடு பிறந்தது. இதற்கு அடித்தளம் இட்ட தீர்ப்புகள் எண்பதுகளின் பிற்பாதியிலும் தொண்ணூறுகளின் தொடக்கத்திலும் வந்தவை. அவற்றில் முதலாவது ஊழியரின் பக்கம் சாய்ந்தது போலத் தெரியும். 1986இல் கர்நாடகத்திலிருந்து சென்ற வரதராவ் வழக்கில், அடிக்கடியும் காரணமில்லாமலும் மாற்றுவது குடும்பத்தைப் பிடுங்கி எறிகிறது, பிள்ளைகளின் படிப்பைக் கெடுக்கிறது என்று உச்ச நீதிமன்றம் வருந்தியது. வருத்தம் தெரிவித்ததோடு சரி, உரிமை எதையும் உண்டாக்கவில்லை. 1989இல் குஜராத் மின்வாரிய வழக்கு வந்தது. மாறுதல் ஆணையை எதிர்த்து மனுக் கொடுத்துவிட்டுப் புதிய இடத்தில் சேராமல் இருந்த ஊழியர் வேலையை இழந்தார். உச்ச நீதிமன்றம் அதைச் சரி என்றது. முதலில் போய்ச் சேர், பிறகு முறையிடு என்பதே அதன் பாடம். இன்றும் ஆசிரியர் சங்கத்துக்காரர்கள் புதியவருக்குச் சொல்லும் முதல் அறிவுரை அதுவே.

1991இல் வந்த ஷில்பி போஸ் வழக்கு ஆசிரியர்களைப் பற்றியது. பீகாரின் தொடக்கப் பள்ளி ஆசிரியைகள் சிலர் கணவர் வேலை பார்க்கும் ஊருக்கு மாறுதல் கேட்டுப் பெற்றார்கள். அதனால் இடம் பெயர்க்கப்பட்டவர்கள் வழக்குப் போட, பாட்னா உயர் நீதிமன்றம் மாறுதலை ரத்து செய்தது. உச்ச நீதிமன்றம் அந்த ரத்தை ரத்து செய்தது. கட்டாய விதி மீறப்பட்டிருந்தால் அல்லது கெட்ட எண்ணம் நிரூபிக்கப்பட்டால் ஒழிய நீதிமன்றம் தலையிடக் கூடாது என்றது. நிர்வாக வழிகாட்டுதலை மீறியிருந்தாலும், பாதிக்கப்பட்டவர் மேலதிகாரியிடம் முறையிட வேண்டுமே தவிர நீதிமன்றத்துக்கு வரக் கூடாது என்பது அந்தத் தீர்ப்பின் கூர்முனை.

1993இல் அப்பாஸ் வழக்கு அதை இறுக்கிக் கட்டியது. ஷில்லாங்கில் தாவரவியல் ஆய்வுத் துறைத் தோட்டக் காப்பாளராக இருந்தவரை இமயமலைப் பகுதிப் பௌரிக்கு மாற்றினார்கள். மனைவிக்கு ஷில்லாங்கிலேயே அரசு வேலை, பிள்ளைகள் அங்கே படிக்கிறார்கள், அவருக்கு உடல்நலமும் இல்லை. தீர்ப்பாயம் மாறுதலை நிறுத்தியது. உச்ச நீதிமன்றமோ, தீர்ப்பாயம் மேல்முறையீட்டு அதிகாரி இல்லை என்று கண்டித்தது. கணவன் மனைவியை ஒரே ஊரில் வைக்க முயல வேண்டும் என்ற வழிகாட்டுதலை அரசு மனத்தில் கொள்ள வேண்டும், ஆனால் அது நீதிமன்றத்தில் கேட்டுப் பெறும் உரிமை ஆகாது என்றது. இன்று கேரளத்திலோ தமிழ்நாட்டிலோ தாக்கலாகும் அரசின் எதிர்மனுவை எடுத்துப் பார்த்தால் இந்த இரண்டு தீர்ப்புகளும் தவறாமல் இருக்கும்.

அப்படியானால் ஆசிரியர் ஜெயிப்பதே இல்லையா? ஜெயிக்கிறார்கள். ஆனால் ‘எனக்குக் கஷ்டம்’ என்று சொல்லி ஜெயித்தவர் அரிது. ஆணையில் ஓட்டை காட்டியவர்களே ஜெயித்திருக்கிறார்கள்.

கல்லூரி ஆசிரியருக்கு நேரடியாகப் பயன்படும் தீர்ப்பு 1986இல் பீகாரின் மிதிலா பல்கலைக்கழகத்திலிருந்து வந்தது. கல்லூரி முதல்வராக இருந்தவரை ரீடராக மாற்றினார்கள். சம்பள விகிதம் ஒன்றுதானே, குறைந்தது என்ன என்பது துணைவேந்தர் தரப்பு வாதம். உச்ச நீதிமன்றம் அதை ஏற்கவில்லை. முதல்வர் நாற்காலியின் பொறுப்பும் மரியாதையும் ரீடருக்கு இல்லை, சம்பளம் சமம் என்பதால் பதவி சமம் ஆகிவிடாது என்றது. ஆணையில் ஓட்டை காட்டும் வழி 2022இல் கொச்சியில் ஒரு நீதிபதிக்கே கைகொடுத்தது. கோழிக்கோடு முதன்மை மாவட்ட நீதிபதி ஒருவரை, அவர் எழுதிய ஜாமீன் உத்தரவு சர்ச்சையான பிறகு, கொல்லம் தொழிலாளர் நீதிமன்றத்துக்கு மாற்றினார்கள். தனி நீதிபதி அவர் மனுவைத் தள்ளினார். நவம்பரில் இரு நீதிபதி அமர்வு மாறுதலை ரத்து செய்தது. தண்டனையை மாறுதல் என்ற பெயரில் கொடுக்கக் கூடாது என்ற கருத்தை நீதித்துறை தன் வீட்டுக்குள்ளேயே பேச வேண்டியதாயிற்று.

தண்டனை மாறுதல் குறித்த தெளிவான தீர்ப்பு 2008இன் சோமேஷ் திவாரி வழக்கு. போபாலில் கலால் துறை அதிகாரி ஒருவர்மேல் மொட்டைக் கடிதம் வந்தது. விசாரித்தார்கள், புகாரில் உண்மை இல்லை. ஆனாலும் அவரை ஷில்லாங்குக்கு மாற்றினார்கள். பொய் என்று தெரிந்த காரணத்தின் மேல் நின்ற ஆணை சட்டத்தின் பார்வையில் கெடுநோக்கு உடையது என்று உச்ச நீதிமன்றம் ரத்து செய்தது. கல்லூரிகளில் மாணவர் அமைப்பின் புகார், தேர்வு அறைத் தகராறு, சமூக ஊடகப் பதிவு என்று தொடங்கும் மாறுதல்களுக்கு இந்தத் தீர்ப்பே கேடயம். தவறு செய்தார் என்றால் குற்றப்பத்திரிகை கொடுத்து விசாரி. விசாரிக்க மனமில்லாமல் ‘நிர்வாக நலன்’ என்று எழுதாதே.

ஆனால் கெட்ட எண்ணத்தை நிரூபிப்பது லேசான காரியமில்லை. இதற்கு வழிகாட்டி தமிழ்நாட்டிலிருந்து போன வழக்குதான். தலைமைச் செயலாளராக இருந்த ஈ.பி. ராயப்பாவை 1971இல் மாநிலத் திட்டக் குழுத் துணைத்தலைவராகவும், அடுத்த ஆண்டு தனி அலுவலராகவும் மாற்றியது மு. கருணாநிதி அரசு. முதலமைச்சருக்குத் தன்மேல் கோபம், அதனால்தான் இது என்றார் ராயப்பா. 1973 நவம்பரில் ஐந்து நீதிபதிகள் அவர் மனுவைத் தள்ளினார்கள். கெட்ட எண்ணத்தைச் சொல்வது எளிது, நிரூபிக்கும் பாரம் மிகக் கனமானது என்றார்கள். வேடிக்கை என்னவென்றால், தோற்ற அந்த வழக்கில்தான் நீதிபதி பகவதி, தன்னிச்சையும் சமத்துவமும் ஒன்றுக்கொன்று பகை என்று எழுதினார். இந்திய நிர்வாகச் சட்டமே அதன் பிறகு வேறு பாதையில் போனது. அந்தக் கருத்தோடு உடன்பட்டவர்களில் ஒருவர் வி.ஆர். கிருஷ்ணய்யர், ஓய்வுக்குப் பின் எர்ணாகுளத்தில் வாழ்ந்தவர். ராயப்பா தோற்றார், ஆனால் அவருக்குப் பின் மாறுதலை எதிர்த்து வந்த ஒவ்வொரு மனுவும் அவர் பெயரை மேற்கோள் காட்டுகிறது.

சட்டத்தில் பணிக்காலம் எழுதியிருந்தால் என்ன நடக்கும் என்பதற்கும் கேரளத்திலேயே சான்று உண்டு. 2016இல் ஆட்சி மாறியதும் காவல்துறைத் தலைவர் பதவியிலிருந்து டி.பி. செங்குமார் மாற்றப்பட்டார். மத்திய நிர்வாகத் தீர்ப்பாயத்தின் எர்ணாகுளம் அமர்வில் தோற்றார், உயர் நீதிமன்றத்தில் தோற்றார். 2017 ஏப்ரல் 24 அன்று உச்ச நீதிமன்றம் அவரை அதே நாற்காலியில் உட்கார வைத்தது. அவர் கையில் இருந்தது இரண்டு: காவல்துறைச் சீர்திருத்தம் பற்றிய 2006இன் பிரகாஷ் சிங் தீர்ப்பு, 2011ஆம் ஆண்டின் கேரள போலீஸ் சட்டம். காவல்துறைத் தலைவருக்கு இரண்டாண்டு உறுதி என்று சட்டம் சொன்னது. கல்லூரி ஆசிரியருக்கு அப்படி எந்தச் சட்டமும் இல்லை. அவரிடம் இருப்பது அரசாணை.

அந்த அரசாணைதான் இன்றைய வழக்குகளின் மையம். 2017 பிப்ரவரி 25 அன்று கேரளப் பணியாளர் மற்றும் நிர்வாகச் சீர்திருத்தத் துறை, அரசு ஊழியர் மாறுதலுக்குப் பொது நெறிமுறை வெளியிட்டது. இணையவழி விண்ணப்பம், வரைவுப் பட்டியல், ஆட்சேபம், பிறகு இறுதிப் பட்டியல் என்பது அதன் ஒழுங்கு. அமைச்சர் அலுவலக வாசலில் நின்று கெஞ்சும் காலம் முடிந்தது என்று பலர் மகிழ்ந்தார்கள். ஓரளவு முடிந்தது. ஆனால் பட்டியல் பொதுவில் வந்ததும் வழக்கின் குணமும் மாறியது. முன்பு ஆசிரியர் அரசை எதிர்த்து வந்தார். இப்போது ஆசிரியர் ஆசிரியரை எதிர்த்து வருகிறார். என்னைவிட இளையவருக்கு என் ஊர் எப்படிக் கிடைத்தது, மலைப்பகுதியில் நான் இருந்த காலம் ஏன் கணக்கில் வரவில்லை, கருணை அடிப்படை என்று முந்தியவரின் சான்றிதழ் என்ன ஆயிற்று என்பவை வாதங்கள். மனுவில் அரசு முதல் எதிர்மனுதாரர், கல்லூரிக் கல்வி இயக்குநர் இரண்டாவது. மூன்றாவது ஆளாகப் பெயர் வருவது, நேற்றுவரை ஒரே விடைத்தாள் திருத்தும் முகாமில் பக்கத்தில் உட்கார்ந்திருந்த சக ஆசிரியர். மாறுதல் வழக்குகளில் எனக்கு மிகவும் கசப்பாகத் தெரிவது இதுதான்.

பட்டியல் கணக்கு எந்த அளவுக்குப் போகும் என்பதைக் கல்லூரிக்கு ஒரு படி கீழே, மேல்நிலைப் பள்ளிகளில் பார்த்தோம். 2024 தொடக்கத்தில் வெளியான பொது மாறுதல் பட்டியல் தீர்ப்பாயத்தின் தடைக்கு உள்ளானது. சண்டை ஒரே கேள்வியைச் சுற்றி. சொந்த மாவட்டத்துக்கு வெளியே பார்த்த பணிக்காலம், சொந்த மாவட்டம் கேட்பவருக்கு மட்டும் முன்னுரிமை தருமா, அங்கே இடம் இல்லாமல் பக்கத்து மாவட்டம் கேட்பவருக்கும் தருமா? ஒரு வரியில் எழுதியிருக்க வேண்டியதை எழுதாமல் விட்டதால் ஆயிரக்கணக்கான ஆசிரியர்கள் தேர்வுக் காலத்தில் பழைய பள்ளியா புதிய பள்ளியா என்று தெரியாமல் தவித்தார்கள். சிலர் விடுவிக்கப்பட்டுவிட்டார்கள், போக வேண்டிய இடத்தில் ஏற்கெனவே இருந்தவர் விடுவிக்கப்படவில்லை.

அப்பாஸ் தீர்ப்பு இருக்கும்போது நெறிமுறையை வைத்து வழக்கு எப்படி நிற்கிறது என்று கேட்கலாம். கேரள வழக்கறிஞர்கள் இதை ராயப்பா வழியில் சுற்றி வருகிறார்கள். நெறிமுறை உரிமை தராது, சரி. ஆனால் அரசே வகுத்த நெறியை நூறு பேருக்குப் பின்பற்றி ஒருவருக்குக் காரணம் சொல்லாமல் மீறினால் அது தன்னிச்சை, அரசியலமைப்பின் 14ஆம் பிரிவுக்கு விரோதம். ‘கட்டாய விதி’ என்ற வாசல் அடைத்திருந்தாலும் ‘சமத்துவம்’ என்ற வாசல் திறந்திருக்கிறது. பெரும்பாலும் இதனால் கிடைப்பது, மனுவைப் பரிசீலித்து இத்தனை வாரத்துக்குள் முடிவெடு என்ற உத்தரவு. பரிசீலித்து நிராகரிக்க அரசுக்கு ஒரு பத்தி போதும்.

ஆகவே உண்மையான போர் தீர்ப்பில் நடப்பதில்லை. இடைக்காலத் தடையில் நடக்கிறது. ஆணை இணையத்தில் வந்த மாலையே, வேண்டாதவரை விடுவிக்கக் கல்லூரி முதல்வருக்குத் தொலைபேசி வரும். முதல்வர் விடுவிப்புக் கடிதத்தில் கையெழுத்திட்டால் அந்தக் கல்லூரியின் வருகைப் பதிவேட்டில் இவருக்கு இடமில்லை. தடை வாங்கினாலும் ‘ஏற்கெனவே விடுவிக்கப்பட்டுவிட்டார்’ என்று அரசு வழக்கறிஞர் எழுந்து சொல்வார். அதனால் ஆசிரியர்கள் அன்றிரவே மருத்துவ விடுப்பு எழுதிக் கொடுப்பதும், கடிதத்தை வாங்காமல் தவிர்ப்பதும் நடக்கிறது. இன்னொரு பக்கம், காலியான இடத்துக்கு வர வேண்டியவர் விடிவதற்குள் வந்து சேர்ந்துவிடுவார், பின்னால் வரும் தடை தன்னைத் தொடாமல் இருக்க. தீர்ப்பாயச் சட்டத்தின் 24ஆம் பிரிவு, எதிர்த்தரப்புக்கு மனுவின் நகல் கொடுத்து வாய்ப்பளிக்காமல் தடை கொடுக்கக் கூடாது என்கிறது. அப்படிக் கொடுக்க நேர்ந்தால் காரணம் எழுத வேண்டும், அதுவும் பதினான்கு நாள் மட்டுமே நிற்கும். 20ஆம் பிரிவு, துறைக்குள் முறையிடும் வழிகளைத் தீர்த்துவிட்டு வா என்கிறது. மூன்று நாளில் விடுவிக்கப்படப் போகிறவருக்கு இந்த வரிசை பொருந்தாது என்பது எல்லோருக்கும் தெரியும். அதனால் முதல் நாள் இயக்குநருக்கு ஒரு மனு, மறுநாள் அதன் ஒப்புகையோடு தீர்ப்பாயத்தில் மூல மனு (ஓ.ஏ.) என்பது நடைமுறையாகிவிட்டது.

தடை கிடைத்தால் ஒரு கல்வியாண்டு கைக்குள் வந்துவிடும். எதிர்மனு, பதில் மனு, வாய்தா என்று போய் இறுதி விசாரணை வரும்போது அடுத்த ஆண்டின் பொது மாறுதல் அறிவிப்பு வந்திருக்கும், பழைய மனு பயனற்றது என்று முடித்துவைப்பார்கள். தடை கிடைக்காதவர் குடும்பத்தை விட்டு இன்னொரு மாவட்டத்தில் வாடகை அறை பிடித்திருப்பார். அவர் மனுவும் அதே நாளில் அதே காரணத்தால் முடியும். நியாயம் யார் பக்கம் என்று எந்த மன்றமும் சொல்லாமலே இருவர் வாழ்க்கையும் தீர்மானமாகிறது. செமஸ்டர் நடுவே ஆசிரியர் போன வகுப்புக்கு என்ன ஆயிற்று என்று கேட்க மாணவருக்கு வக்காலத்து கிடையாது. இந்த வழக்குகளில் அவர்கள் ஒரு தரப்பாக வந்து நான் அறிந்ததில்லை.

குடும்பம் என்ற வாதத்துக்குக் காலம் மாறியிருக்கிறதா? இதற்கான மிக முக்கியமான தீர்ப்பு கொச்சியிலிருந்துதான் போனது. சுங்கம், கலால் துறைகளில் ஓர் ஆணையரகத்திலிருந்து இன்னொன்றுக்கு மாறும் வாய்ப்பை 2018 செப்டம்பரில் ஒரு சுற்றறிக்கை நிறுத்தியது. ஊழியர்கள் மத்திய நிர்வாகத் தீர்ப்பாயத்தின் எர்ணாகுளம் அமர்விலும் பிறகு கேரள உயர் நீதிமன்றத்திலும் வழக்காடினார்கள். நௌஷாத் ரஹ்மான் வழக்கு என்று பெயர். 2022 மார்ச் 10 அன்று சந்திரசூட், விக்ரம் நாத் அமர்வு சுற்றறிக்கை செல்லும் என்றது. ஆனால் அங்கே நிறுத்தவில்லை. பெண்கள் வேலையிலும் வீட்டிலும் சுமக்கும் இரட்டைப் பாரத்தை அரசு கொள்கை வகுக்கும்போது கணக்கில் கொள்ள வேண்டும், கணவன் மனைவி பணியிடம், மாற்றுத்திறனாளிகள், கருணை அடிப்படை ஆகியவற்றுக்கு இடம் தரும்படி கொள்கையை மறுபடி பார் என்று உத்தரவிட்டது. குடும்ப வாழ்க்கையைப் பாதுகாப்பது அரசியலமைப்பின் 21ஆம் பிரிவின் பகுதி என்றது. அப்பாஸ் தீர்ப்பு மாறவில்லை. அதன் மேல் ஒரு மென்மை படிந்தது. தனி ஆளின் வழக்கில் அது உதவாது, கொள்கையையே எதிர்க்கும் வழக்கில் உதவும்.

அதற்குச் சில மாதம் முன், 2021 செப்டம்பரில், உத்தரப் பிரதேசத்தின் அம்ரோஹாவில் அரசுக் கல்லூரி விரிவுரையாளர் ஒருவர் கௌதம் புத்த நகருக்கு மாறுதல் கேட்ட வழக்கு உச்ச நீதிமன்றம் வந்தது. அவர் அங்கே ஏற்கெனவே 13 ஆண்டு வேலை பார்த்தவர். இந்த இடத்துக்கு மாற்று என்று ஊழியர் பிடிவாதம் பிடிக்க முடியாது, தேவை அறிந்து மாற்றுவது முதலாளியின் வேலை என்று சில வரிகளில் முடித்தார்கள். சரியான முடிவு. தண்ணியில்லாக் காடு என்று எல்லோரும் ஓடும் கல்லூரிகளிலும் பிள்ளைகள் படிக்கிறார்கள். அட்டப்பாடியிலும் மானந்தவாடியிலும் ஆதிவாசி மாணவர்கள் வரும் வகுப்பறை, ஆசிரியர் எப்போது தப்பிக்கலாம் என்று காலண்டர் பார்க்கும் இடமாக இருக்கக் கூடாது. மாறுதலே அநீதி என்பது போல எழுதும் சங்கப் பிரசுரங்களோடு எனக்கு உடன்பாடில்லாதது இங்கேதான். மலையாளத் திறனாய்வாளர் எம். லீலாவதி பாலக்காடு விக்டோரியா, எர்ணாகுளம் மகாராஜாஸ், தலச்சேரி பிரண்ணன் என்று கல்லூரி கல்லூரியாகப் பணிபுரிந்து, பிரண்ணனின் முதல்வராக 1983இல் ஓய்வு பெற்றார். அந்தச் சுழற்சி கல்லூரிகளுக்கு வரமாக இருந்தது.

பாடத்துக்குப் பாடம் கணக்கு மாறும் என்பதையும் சொல்ல வேண்டும். ஆங்கிலம், வணிகவியல் போன்றவற்றுக்கு அறுபதுக்கும் மேற்பட்ட அரசுக் கல்லூரிகளில் எங்கும் இடம் இருக்கும். தமிழ்த்துறை ஆசிரியருக்கோ திருவனந்தபுரம் பல்கலைக்கழகக் கல்லூரி, பாலக்காடு விக்டோரியா, சித்தூர் என்று விரல்விட்டு எண்ணும் இடங்கள்தான். அங்கே ஒருவரை நகர்த்தினால் இன்னொருவர் நகர வேண்டும். பொது நெறிமுறை இப்படிப்பட்ட சிறு துறைகளை நினைத்து எழுதப்பட்டதாகத் தெரியவில்லை.

மாறுதல் தஞ்சமாவதும் உண்டு. நாமக்கல் அரசுக் கலைக் கல்லூரியில் இருந்த பெருமாள்முருகன் 2015இல் நாவல் சர்ச்சைக்குப் பின் கேட்டு வாங்கியது சென்னை மாநிலக் கல்லூரிக்கு மாறுதல். ஊரைவிட்டுப் போ என்றவர்களுக்கு அது வெற்றி போலப் பட்டிருக்கும். 2016 ஜூலையில் சென்னை உயர் நீதிமன்றம் அவர் எழுத்துரிமையை உறுதி செய்த பிறகே கணக்கு நேரானது. ‘சொந்த வேண்டுகோளின் பேரில்’ என்ற குறிப்பு எப்போதும் சொந்த விருப்பம் ஆகாது என்பதற்கு இதைவிடப் பெரிய சான்று வேண்டாம்.

கடல் தாண்டி இலங்கையில் வழி இன்னும் குறுகல். அரச சேவை ஆணைக்குழுவின் முடிவைச் சாதாரண நீதிமன்றம் கேட்க முடியாது. நிர்வாக மேன்முறையீட்டு மன்றம் உண்டு, அல்லது 126ஆம் உறுப்புரையின் கீழ் ஒரு மாதத்துக்குள் அடிப்படை உரிமை மனுவோடு கொழும்பில், நாட்டின் உச்ச மன்றமான உயர் நீதிமன்றத்துக்குப் போக வேண்டும். யாழ்ப்பாணத்திலோ மட்டக்களப்பிலோ இருப்பவருக்கு அந்த ஒரு மாதமும் கொழும்புப் பயணமும் என்ன பொருள் என்று விளக்க வேண்டியதில்லை.

இந்தியாவில் சில மாநிலங்கள் வேறு வழி கண்டன. மகாராஷ்டிரம் 2005ஆம் ஆண்டுச் சட்டத்தில் அரசு ஊழியருக்குச் சாதாரணப் பணிக்காலத்தை எழுதி வைத்தது. அதற்கு முன் மாற்ற வேண்டுமானால் காரணத்தை எழுத வேண்டும், மேலதிகாரியின் முன் ஒப்புதல் வேண்டும். கர்நாடகம் 2007இல் பள்ளி ஆசிரியர் மாறுதலுக்கென்றே தனிச் சட்டம் இயற்றியது. இவை வழக்கைக் குறைத்தன என்று சொல்ல மாட்டேன். ஆனால் வழக்கின் கேள்வி மாறியது. அமைச்சரின் மனத்தில் என்ன இருந்தது என்று துழாவ வேண்டியதில்லை. காரணம் எழுதினாயா, ஒப்புதல் வாங்கினாயா என்று கோப்பைப் புரட்டினால் போதும். ஷில்பி போஸ் கேட்ட ‘கட்டாய விதி’ அங்கே இருக்கிறது.

கேரளத்துக்கு இதற்குப் புதுச் சட்டம்கூடத் தேவையில்லை. 1968ஆம் ஆண்டின் கேரளப் பொதுப்பணிச் சட்டத்தின் கீழ் விதி வகுக்கும் அதிகாரம் அரசிடம் இருக்கிறது. 2017 நெறிமுறையில் கல்லூரிக்குப் பொருந்துவதை எடுத்து, சிறு துறைகளுக்குத் தனிக் கணக்கு, செமஸ்டர் நடுவே மாற்ற எழுத்தில் காரணம், விடுவிப்புக்கும் ஆணைக்கும் இடையே குறைந்தபட்ச நாள்கள் என்று நாலு வரி சேர்த்து விதியாக்கினால், இரவோடிரவாக நடக்கும் விடுவிப்பு ஓட்டம் நிற்கும். இடதுசாரி ஆட்சியில் காங்கிரஸ் சார்புச் சங்கமும் காங்கிரஸ் ஆட்சியில் இடதுசாரிச் சங்கமும் இதைக் கேட்கின்றன. ஆட்சி மாறியதும் கேட்பவர் மாறுகிறார். பழிவாங்கும் மாறுதலை எதிர்க்கும் இரு தரப்புக்கும், தம் ஆட்சி வரும்போது அந்தக் கருவி கையில் இருப்பதில் ஆட்சேபம் இல்லை. விதி வராமல் இருப்பதற்குச் சட்டச் சிக்கல் எதையும் நான் பார்க்கவில்லை.